பெயரை மறைக்காத வீரர்

1912-ம் ஆண்டு நவம்பர் 9-ந் தேதி.

அமெரிக்காவில் ஹட்சன் ஆற்றங்கரையில் உள்ள ஊர் வெஸ்ட் பாயிண்ட். அமெரிக்க ராணுவத்துக்கு அதிகாரிகளைத் தயார் செய்யும் கல்லூரி அங்கேதான் இருக்கிறது. அன்று அந்தக் கல்லூரி மைதானத்தில் கால்பந்துப் போட்டி. கூட்டம் நிரம்பி வழிந்தது.

மைதானத்தின் ஒரு பக்கத்தில் ராணுவக் கல்லூரி மாணவர்கள் நின்றார்கள். நாளைய தளபதிகள்!

மறுபக்கத்தில் நின்றவர்கள் கார்லைல் பள்ளி மாணவர்கள். அமெரிக்க மண்ணின் பூர்வ குடிகள். செவ்விந்தியர் என்று வெள்ளையரால் அழைக்கப்பட்ட இனங்களின் பிள்ளைகள்.

இந்த இரண்டு தரப்புக்கும் பழைய கணக்கு ஒன்று இருந்தது. அதற்கு 22 ஆண்டுகளுக்கு முன்புதான், 1890-ம் ஆண்டு டிசம்பர் 29-ந் தேதி, தெற்கு டகோட்டாவில் ஊண்டட் நீ என்ற இடத்தில் லகோட்டா இனத்தவரை ராணுவம் சுட்டு வீழ்த்தியது. ஆண், பெண், குழந்தை என்று பார்க்கவில்லை. பிணங்களைப் பெரிய குழியில் மொத்தமாகப் போட்டு மூடினார்கள்.

அந்த ராணுவத்தின் கல்லூரியோடு இப்போது மோதல். துப்பாக்கி கிடையாது. நடுவில் ஒரு பந்து மட்டுமே.

கார்லைல் அணியின் தலைவர் 25 வயது வாலிபர். அகன்ற தோள், அமைதியான முகம். அந்த ஆண்டு ஜூலையில்தான் ஸ்வீடன் நாட்டில் நடந்த ஒலிம்பிக் பந்தயத்தில் இரண்டு தங்கப்பதக்கம் வாங்கி வந்திருந்தார்.

அவர்தான் ஜிம் தார்ப்.

மின்னல் காட்டிய பாதை

தார்ப் பிறந்தது 1887-ல். இன்று ஒக்லஹாமா மாநிலமாக இருக்கும் பகுதி அப்போது பழங்குடியினருக்கென்று ஒதுக்கப்பட்ட பிரதேசம். அங்கே ஒரு பண்ணை வீட்டில் இரட்டைக் குழந்தைகள் பிறந்தன. ஒருவன் ஜிம், மற்றவன் சார்லி.

தந்தை ஹைரம் தார்ப், சாக்-பாக்ஸ் இனத்தைச் சேர்ந்தவர். அவர் உடம்பில் அயர்லாந்து இரத்தமும் ஓடியது. தாய் பொட்டவாட்டமி இனத்தவர். குழந்தைக்குத் தங்கள் இன வழக்கப்படி வா-தோ-ஹக் என்று பெயர் வைத்தார்கள். மின்னல் வெளிச்சத்தில் தெரியும் பாதை என்பது அதன் பொருள்.

இரட்டையர் இருவரும் இணைபிரியாதவர்கள். குதிரை ஏறுவார்கள், ஆற்றில் நீந்துவார்கள், காட்டில் வேட்டைக்குப் போவார்கள். ஒன்பது வயதில் சார்லி காய்ச்சலில் விழுந்தான். நிமோனியா. பிழைக்கவில்லை.

தம்பதிகளாகத் திரிந்த காட்டில் ஜிம் தனியானான். பள்ளிக்கூடம் பிடிக்கவில்லை. ஓடிப்போனான். பிடித்துக்கொண்டு வந்து விட்டார்கள், மறுபடியும் ஓடினான். கான்சாஸ் மாநிலத்தில் ஹாஸ்கல் என்ற பள்ளியில் சேர்த்தார்கள், அங்கேயும் நிலைக்கவில்லை. இதற்கிடையே தாயும் இறந்துபோனார்.

1904-ல் அவனைப் பென்சில்வேனியாவில் உள்ள கார்லைலுக்கு அனுப்பினார்கள். ஊரிலிருந்து ஆயிரம் மைலுக்கு அப்பால்! அவன் போய்ச் சேர்ந்த சில காலத்துக்குள் தந்தையும் மறைந்தார். ஜிம் அநாதை ஆனான்.

பெயர் மாற்றிய பள்ளி

கார்லைல் சாதாரணப் பள்ளிக்கூடம் அல்ல. 1879-ல் ரிச்சர்டு பிராட் என்ற ராணுவ அதிகாரி, பழைய ராணுவக் குடியிருப்பில் அதை ஆரம்பித்தார். பழங்குடிப் பிள்ளைகளைப் பெற்றோரிடமிருந்து பிரித்துக் கொண்டுவந்து வெள்ளையரைப் போல் மாற்றுவதுதான் அதன் நோக்கம்.

வந்ததும் நீண்ட தலைமுடியைக் கத்தரித்துவிடுவார்கள். இன உடையைக் கழற்றி ராணுவச் சீருடை மாட்டுவார்கள். தாய்மொழியில் பேசக்கூடாது. பேசினால் தண்டனை. பெயரையும் விட்டுவைக்கவில்லை. ஆரம்ப காலத்தில் கரும்பலகையில் ஆங்கிலப் பெயர்களை வரிசையாக எழுதிவைத்து, படிக்கத் தெரியாத பிள்ளைகளிடம் ஒரு குச்சியைக் கொடுத்து, ஏதாவது ஒன்றைத் தொடச் சொன்னார்கள். தொட்ட பெயர் அன்று முதல் அந்தப் பிள்ளையின் பெயர்!

பாதி நாள் படிப்பு, பாதி நாள் வேலை. வெள்ளையர் வீடுகளுக்கும் பண்ணைகளுக்கும் வேலையாட்களாகவும் அனுப்பினார்கள். நோயில் இறந்த பிள்ளைகள் ஏராளம். பள்ளியின் மயானத்தில் 180-க்கும் மேற்பட்ட கல்லறைகள் எழுந்தன.

அந்தப் பள்ளியில் பிள்ளைகளுக்குத் தலைநிமிர்ந்து நிற்க ஓர் இடம் இருந்தது. அதுதான் விளையாட்டு மைதானம்.

1907-ம் ஆண்டு ஒரு நாள். மாணவர்கள் உயரம் தாண்டிப் பழகிக்கொண்டிருந்தார்கள். கம்பி 5 அடி 9 அங்குல உயரத்தில் இருந்தது. யாராலும் தாண்ட முடியவில்லை. வேலை உடுப்போடு அந்த வழியாக வந்த ஜிம் தார்ப், நானும் தாண்டட்டுமா என்று கேட்டான். அப்படியே தாண்டினான். சிரித்துக்கொண்டே போய்விட்டான்.

விஷயம் பயிற்சியாளர் கிளென் வார்னர் காதுக்கு எட்டியது. பாப் வார்னர் என்று எல்லோரும் அழைத்த அவர், அமெரிக்கக் கால்பந்தின் மகா தந்திரசாலி. உடனே ஜிம்முக்கு ஆள் அனுப்பினார்.

முட்டை வடிவப் பந்து

அமெரிக்கர்களின் கால்பந்து நமது கால்பந்து போன்றது அல்ல. பந்து முட்டை வடிவில் இருக்கும். அதைக் கையில் ஏந்திக்கொண்டு ஓடலாம். பந்துடன் ஓடுகிறவரை எதிரணியினர் பாய்ந்து, கட்டிப்பிடித்துத் தரையில் சாய்ப்பார்கள். எல்லாத் தடைகளையும் மீறி எதிரணியின் எல்லைக் கோட்டுக்கு அப்பால் பந்தைக் கொண்டுபோனால் அதற்கு டச் டவுன் என்று பெயர். கோல் கம்பங்களுக்கு நடுவே பந்தை உதைத்தும் புள்ளி எடுக்கலாம்.

அந்தக் காலத்தில் அது எலும்பை முறிக்கும் ஆட்டம். மாணவர்கள் உயிரிழந்ததும் உண்டு. அதனால் 1906-ல் விதிகளை மாற்றினார்கள். பந்தை முன்னோக்கி எறியலாம் என்று அனுமதித்தார்கள். 1912-ல் மறுபடியும் மாற்றம். டச் டவுனுக்கு ஐந்து புள்ளி என்பது ஆறு ஆயிற்று. பத்து கெஜம் முன்னேற மூன்று வாய்ப்பு என்பது நான்கு ஆயிற்று.

கார்லைல் பையன்கள் எதிரிகளைவிட எடை குறைந்தவர்கள். முட்டி மோதி ஜெயிக்க முடியாது. வேகமும் யுக்தியுமே அவர்களுக்கு ஆயுதம். புதிய விதிகள் அந்த ஆயுதத்தை இன்னும் கூர்மையாக்கின.

கார்லைல் கல்லூரியே அல்ல, தொழிற்பள்ளிதான். ஆனால் நாட்டின் மிகப் பெரிய கல்லூரிகளோடு ஆடியது. பெரும்பாலும் எதிரியின் ஊருக்கே போய் ஆடியது. 1911-ல் பணக்காரப் பிள்ளைகள் படிக்கும் ஹார்வர்டுக்குப் போனார்கள். தார்ப்புக்குக் காலில் அடி. கட்டுப் போட்டுக்கொண்டு இறங்கினார். நான்கு முறை கம்பங்களுக்கு நடுவே பந்தை உதைத்தார். 18-க்கு 15 என்ற கணக்கில் ஹார்வர்டு தோற்றது!

ஸ்டாக்ஹோமில் வெற்றி

1912 ஜூலையில் ஸ்டாக்ஹோம் நகரில் ஒலிம்பிக் பந்தயம் நடந்தது. ஐந்து போட்டிகள் சேர்ந்தது பென்டாத்லான். பத்துப் போட்டிகள் சேர்ந்தது டெகாத்லான். ஓட்டம், தாண்டல், எறிதல் எல்லாவற்றிலும் வல்லவராக இருப்பவரே இவற்றில் ஜெயிக்க முடியும்.

தார்ப் இரண்டிலும் இறங்கினார். பென்டாத்லானில் ஐந்தில் நான்கு போட்டிகளில் முதல் இடம். டெகாத்லானின் நடுவே அவரது காலணிகள் காணாமல் போய்விட்டன. கிடைத்த இரண்டு வெவ்வேறு காலணிகளை மாட்டிக்கொண்டார். ஒன்று பெரிதாக இருந்ததால் அந்தக் காலுக்குக் கூடுதலாகக் காலுறை போட்டுக்கொண்டார். அந்தக் கோலத்தில் அவர் நிற்கும் புகைப்படம் இன்றும் இருக்கிறது.

அப்படியும் 8,412 புள்ளி! இரண்டாவதாக வந்த ஸ்வீடன் வீரர் ஹியூகோ வீஸ்லாண்டர் ஏறத்தாழ 700 புள்ளி பின்தங்கி இருந்தார்.

ஸ்வீடன் மன்னர் ஐந்தாம் குஸ்டாவ் தாமே பரிசளித்துப் பாராட்டினார். ரஷியச் சக்கரவர்த்தியின் பரிசாக, கப்பல் வடிவில் செய்த வெள்ளிக் கோப்பையும் கிடைத்தது. கார்லைல் பள்ளியின் இன்னொரு மாணவரான லூயி தெவானிமா, 10,000 மீட்டர் ஓட்டத்தில் வெள்ளிப்பதக்கம் பெற்றார். ஒரு சிறு பள்ளியின் இரண்டு மாணவர்கள், மூன்று பதக்கம்!

ஊர் திரும்பியபோது அவர்களைத் தேரில் வைத்து இழுக்காத குறைதான். ஆனால் அந்த நாட்டுப் பழங்குடியினர் அனைவருக்கும் குடியுரிமை வழங்கும் சட்டம் வர அதன்பிறகு 12 ஆண்டுகள் ஆயிற்று. அது 1924-ல்தான் வந்தது.

பதினான்கு போட்டிகள்

ஒலிம்பிக் முடிந்த கையோடு கால்பந்துப் பருவம் தொடங்கியது. தார்ப் அணித் தலைவர். ஆட்டத்தை நடத்துபவர் கஸ் வெல்ச். பக்கத்துணை அலெக்ஸ் ஆர்காசா. தடுப்புச் சுவராக ஜோ கையன். அணியில் பல இனத்தவர், பல தாய்மொழிகள். மைதானத்தில் ஒரே மூச்சு.

முதல் நான்கு போட்டிகளில் எதிரிகள் மொத்தமாக எடுத்தது ஏழே புள்ளி. வில்லனோவா அணியை 65-க்குப் பூஜ்யம் என்று நசுக்கினார்கள். வாஷிங்டன்-ஜெபர்சன் கல்லூரியுடன் மட்டும் பூஜ்யத்துக்குப் பூஜ்யம், வெற்றி தோல்வி இல்லை. முந்தின ஆண்டு ஒரே புள்ளியில் தங்களைத் தோற்கடித்த சிராக்யூஸ் அணியை இந்த முறை 33-க்குப் பூஜ்யம் என்று பழி தீர்த்தார்கள். பிட்ஸ்பர்க் அணிக்கு எதிராக 45-க்கு 8. எல்லை தாண்டிக் கனடா போய் டொரண்டோ அணியையும் 49-க்கு 1 என்று வென்றார்கள்.

அதன் பிறகுதான் வெஸ்ட் பாயிண்ட்.

போட்டிக்கு முன் வார்னர், இவர்கள் யாருடைய பிள்ளைகள், நீங்கள் யாருடைய பிள்ளைகள் என்பதை நினைத்துப் பாருங்கள் என்று மட்டும் நினைவூட்டியதாகச் சொல்வார்கள். வேறு தூண்டுதல் தேவைப்படவில்லை.

முதலில் புள்ளி எடுத்தது ராணுவ அணிதான். கார்லைல் பதறவில்லை. வார்னர் புதிதாக வகுத்திருந்த வியூகத்தில் நின்றார்கள். பந்து யார் கையில் இருக்கிறது, எந்தப் பக்கம் போகப்போகிறது என்று ராணுவ மாணவர்களுக்குப் புரியவில்லை. தார்ப்பைக் குறிவைத்துப் பாய்ந்தார்கள். பந்து ஆர்காசாவிடம் இருந்தது! ஆர்காசாவை மடக்க ஓடினார்கள். தார்ப் மறுபக்கத்தில் பறந்துகொண்டிருந்தார்.

ஆட்டம் சூடேறியது. கார்லைலின் பவல் எதிரியைக் குத்தியதற்காக வெளியேற்றப்பட்டார். ராணுவ அணியின் தலைவர் டெவோர் மலைபோன்ற ஆள். ஜோ கையனிடம் அடிமேல் அடி வாங்கிய ஆத்திரத்தில் அவர்மீது பாய்ந்தார். அவரையும் நடுவர் வெளியேற்றினார்.

ஒரு கட்டத்தில் எதிரணி உதைத்த பந்தைப் பிடித்த தார்ப், ராணுவ அணி முழுவதையும் ஊடுருவி எல்லைக் கோட்டைக் கடந்துவிட்டார். அரங்கமே எழுந்து நின்றது. ஆனால் கூட்டாளி ஒருவர் செய்த தவறைக் காட்டி நடுவர் அந்த டச் டவுனைச் செல்லாது என்றார். தார்ப் வாதாடவில்லை. திரும்பி வந்து தன் இடத்தில் நின்றார்.

முடிவு: கார்லைல் 27, ராணுவம் 6.

தோற்ற அணியில் ஆடிய ஒரு மாணவரின் பெயர் டுவைட் ஐசன்ஹோவர். இரண்டாவது உலகப் போரில் நேச நாட்டுப் படைகளை நடத்தியவர். பின்னர் 1953 முதல் 1961 வரை அமெரிக்க ஜனாதிபதியாக இருந்தவர். தார்ப்பை நிறுத்த முடியாமல் போன அந்த நாளை அவர் கடைசிவரை மறக்கவில்லை.

அடுத்த வாரமே பென்சில்வேனியா பல்கலைக்கழகத்திடம் 34-க்கு 26 என்று கார்லைல் தோற்றது. அந்தப் பருவத்தின் ஒரே தோல்வி அதுதான். கடைசிப் போட்டியில் பிரவுன் அணியை 32-க்குப் பூஜ்யம் என்று வென்று முடித்தார்கள்.

மொத்தம் 14 போட்டிகள். 12 வெற்றி, ஒரு தோல்வி, ஒன்று சமம். கார்லைல் எடுத்த புள்ளி 504. கொடுத்தது 114. தார்ப் ஒருவரே 25-க்குக் குறையாத டச் டவுன்கள் எடுத்தார்.

வந்தது இடி

1913 ஜனவரி. உர்ஸ்டர் நகரத்துப் பத்திரிகை ஒன்றில் ஒரு செய்தி வெளிவந்தது. ஜிம் தார்ப் 1909, 1910-ம் ஆண்டுகளில் வட கரோலினாவில் ராக்கி மவுண்ட் என்ற ஊரில் சம்பளம் வாங்கிக்கொண்டு பேஸ்பால் ஆடியவர் என்பதுதான் செய்தி.

ஒலிம்பிக்கில் அப்போது ஒரு கண்டிப்பான விதி இருந்தது. விளையாடிப் பணம் வாங்கியவர் கலந்துகொள்ளக் கூடாது.

செய்தி உண்மைதான். இடையில் இரண்டு ஆண்டுகள் தார்ப் பள்ளியை விட்டுப் போயிருந்தார். வயிற்றுப்பாட்டுக்கு ஆடினார். கோடையில் காசுக்குப் பேஸ்பால் ஆடுவது அக்காலத்துக் கல்லூரி மாணவர்களிடம் சர்வசாதாரணம். ஆனால் அவர்கள் விவரமானவர்கள். பொய்ப் பெயர் கொடுத்து ஆடுவார்கள். ஐசன்ஹோவரே இளமையில் வேறு பெயரில் அப்படி ஆடியதாக 1945-ல் சொன்னது பத்திரிகைகளில் வந்தது. அவருக்கு எந்தக் கெடுதலும் வரவில்லை.

தார்ப் தன் சொந்தப் பெயரில் ஆடினார். அவர் செய்த குற்றம் அவ்வளவுதான்!

அவர் ஒளிக்கவில்லை. ஆம், ஆடினேன், அது தவறென்று எனக்குத் தெரியாது என்று அமெரிக்க விளையாட்டுச் சங்கத்துக்குக் கடிதம் அனுப்பினார். வார்னரும் பள்ளித் தலைவரும் தங்களுக்கு ஒன்றுமே தெரியாது என்று கைகழுவிவிட்டார்கள். வார்னருக்குத் தெரியாமல் இருந்திருக்க முடியாது என்பதே ஆராய்ந்தவர்கள் பலரின் முடிவு.

பதக்கங்கள் போயின. கோப்பைகள் போயின. ஒலிம்பிக் ஏட்டிலிருந்து பெயரும் போயிற்று. அவருடைய தங்கப்பதக்கம் வீஸ்லாண்டருக்குப் போனது. ஆனால் வென்றவர் தார்ப்தான் என்பதே அந்த ஸ்வீடன் வீரரின் எண்ணம். அந்தத் தங்கத்தைத் தமக்கு உரியதாக அவர் கடைசிவரை ஏற்கவில்லை.

விதியை மீறியவருக்குத் தண்டனை என்றார்கள். அதே விதிப்புத்தகத்தில் இன்னொரு விதியும் இருந்தது. ஒருவர் தகுதியைப் பற்றி ஆட்சேபனை இருந்தால் 30 நாட்களுக்குள் சொல்லிவிட வேண்டும். தார்ப்மீது புகார் வந்ததோ ஆறு மாதம் கழித்து! அந்தப் பக்கத்தை யாரும் புரட்டவில்லை.

ஏற்றமும் இறக்கமும்

தார்ப் முடங்கிவிடவில்லை. 1913-லேயே நியூயார்க் ஜயண்ட்ஸ் பேஸ்பால் அணி அவரைச் சேர்த்துக்கொண்டது. 1915 முதல் ஒஹாயோவில் கேண்டன் அணிக்காகக் கால்பந்து ஆடினார். 1920-ல் தொழில்முறைக் கால்பந்துச் சங்கம் உருவானபோது அவரையே முதல் தலைவராக்கினார்கள். இன்று கோடி கோடியாகப் பணம் புரளும் என்.எப்.எல். என்ற அமைப்பு அதிலிருந்து வளர்ந்ததுதான்.

கார்லைல் பள்ளியின் கதை அதற்குள் முடிந்துவிட்டது. மாணவர்களின் புகார்களை அடுத்து 1914-ல் விசாரணை வந்தது. 1918-ல் பள்ளியையே மூடிவிட்டார்கள்.

தார்ப் 1928-ல் ஆட்டத்திலிருந்து ஓய்வு பெற்றார். மறு ஆண்டு பொருளாதார மந்தம் நாட்டைத் தாக்கியது. சேர்த்துவைக்கத் தெரியாத கை. குடிப்பழக்கமும் சேர்ந்துகொண்டது. உலகம் வியந்த வீரர் லாஸ் ஏஞ்சல்ஸில் கடப்பாரையும் மண்வெட்டியும் பிடித்து மண் தோண்டினார். சினிமாக் கூட்டத்தில் ஒருவராக நின்று கூலி வாங்கினார்.

1932-ல் அதே ஊரில் ஒலிம்பிக். உள்ளே போகத் தார்ப்பிடம் டிக்கெட்டுக்குக் காசில்லை. செய்தி வெளியே தெரிந்தது. அப்போதைய துணை ஜனாதிபதி சார்லஸ் கர்டிஸ், பழங்குடி வழிவந்தவர். அவர் தார்ப்பை அழைத்துத் தன்னோடு உட்காரவைத்தார். அரங்கில் இருந்த பெருங்கூட்டம் எழுந்து நின்று கைதட்டியது.

1950-ல் அமெரிக்கப் பத்திரிகையாளர்கள் ஓட்டுப்போட்டு, அரை நூற்றாண்டின் தலைசிறந்த விளையாட்டு வீரர் தார்ப் என்று தேர்ந்தெடுத்தார்கள். மறு ஆண்டு அவர் வாழ்க்கை திரைப்படமாக வந்தது. ஆனால் பதக்கம் மட்டும் திரும்பவில்லை. 1952 முதல் இருபது ஆண்டுகள் சர்வதேச ஒலிம்பிக் கமிட்டிக்குத் தலைவராக இருந்தவர் ஆவெரி பிரண்டேஜ். 1912-ல் தார்ப்போடு போட்டியிட்டுத் தோற்றவர்களில் அவரும் ஒருவர். அவர் இணங்கவே இல்லை.

1953-ம் ஆண்டு மார்ச் 28-ந் தேதி தார்ப் மாரடைப்பால் இறந்தார்.

110 ஆண்டு வழக்கு

இறந்த பிறகும் அவருக்கு அமைதி கிடைக்கவில்லை. ஒக்லஹாமாவில் இன முறைப்படி ஈமச்சடங்கு நடந்துகொண்டிருந்தபோதே அவருடைய மூன்றாவது மனைவி உடலை எடுத்துப் போய்விட்டார். பென்சில்வேனியாவில் நொடித்துப்போயிருந்த இரண்டு சிற்றூர்கள் ஒன்றாகச் சேர்ந்து, தார்ப்பின் பெயரையே தங்கள் ஊருக்கு வைத்துக்கொள்ளச் சம்மதித்தன. 1954-ல் உடன்பாடு ஆயிற்று. அவர் வாழ்ந்திராத அந்த ஊரில் அவரை அடக்கம் செய்தார்கள். தந்தையைச் சொந்த மண்ணுக்குக் கொண்டுபோக வேண்டும் என்று மகன்கள் கோர்ட்டுக்குப் போனார்கள். 2015-ல் சுப்ரீம் கோர்ட் வழக்கை எடுத்துக்கொள்ள மறுத்துவிட்டது.

பெயரை மீட்கும் போராட்டம் மட்டும் பலித்தது. தார்ப்பின் வரலாற்றை எழுதிய ராபர்ட் வீலரும் அவருடைய மனைவியும் சலிக்காமல் தேடினார்கள். கடைசியில் அமெரிக்கப் பாராளுமன்ற நூலகத்தில் 1912-ம் ஆண்டின் விதிப்புத்தகம் கிடைத்தது. 30 நாள் விதி அதில் அச்சாகி இருந்தது!

1982-ல் ஒலிம்பிக் கமிட்டி பணிந்தது. மறு ஆண்டு ஜனவரியில் தார்ப்பின் பிள்ளைகளிடம் பதக்கங்களைக் கொடுத்தார்கள். அவையும் நகல்கள்தான். அசல்கள் திருட்டுப் போயிருந்தன. ஏட்டிலும் முழு நீதி இல்லை. அவரை இணை வெற்றியாளர் என்றே எழுதினார்கள்.

2022-ம் ஆண்டு ஜூலையில்தான் அந்தக் குறை தீர்ந்தது. இரண்டு போட்டிகளிலும் வென்றவர் ஜிம் தார்ப் ஒருவரே என்று கமிட்டி அறிவித்தது. ஸ்வீடனும் நார்வேயும் மனமுவந்து சம்மதித்தன.

வெள்ளையர் வகுத்த விதியின்படி ஆடி, வெள்ளையரை அவர்கள் மைதானத்திலேயே வென்றவர் தார்ப். ஒரு விதியைக் காட்டி அவர் பெயரை அழித்தார்கள். அந்தப் பெயர் மீண்டதும் ஒரு விதியால்தான்.

பிள்ளைகளின் பெயரை மாற்றிய பள்ளியில் வளர்ந்தவர், வயிற்றுப்பாட்டுக்கு ஆடப் போன இடத்திலும் தன் பெயரை மறைக்கவில்லை. அதற்கு அவர் கொடுத்த விலை பெரிது. ஸ்டாக்ஹோமில் ஜெயிக்க அவருக்குச் சில நாட்கள் போதுமாக இருந்தன. அந்த வெற்றிக்கு நேரே அவர் பெயரைத் தனியாக எழுத உலகத்துக்கு 110 ஆண்டுகள் ஆயின.